பதினொரு கையெழுத்து

வங்கியிலிருந்து கடிதம் வந்தால் மூன்று தடவை வாசிக்காமல் நான் மேசையை விட்டு எழும்ப மாட்டேன். தொலைபேசி ஒப்பந்தத்தின் அடியில் பொடி எழுத்தில் இருப்பதைக்கூட விடுவதில்லை. இது மருந்தில்லாத ஒரு வருத்தம் என்று என் கணவர் சொல்வார். இருந்துவிட்டுப் போகட்டும். அப்படிப்பட்ட நான்தான் ஒரு பிள்ளை பெரியவளான சாமத்தியவீட்டில், இடது கையில் வடைத் தட்டைப் பிடித்துக்கொண்டு, வலது கையால் ஒரு கடுதாசியில் வாசிக்காமல் கையெழுத்துப் போட்டேன்.

கடுதாசியை நீட்டியவர் அண்ணை. என் கூடப்பிறந்தவர் அல்ல. எங்கள் குடியிருப்பிலுள்ள தமிழ்க் குடும்பங்கள் அத்தனைக்கும் அவர் அண்ணைதான். வரிப் படிவம் நிரப்ப, பள்ளிக்கூடக் கடிதத்தை விளங்கிக்கொள்ள, வைத்தியசாலையில் நேரம் மாற்ற எல்லாரும் அவருடைய கதவைத்தான் தட்டுவோம். குடியிருப்பின் நிர்வாகக் குழுவிலும் அவர் ஓர் உறுப்பினர். வருடாந்தப் பொதுக்கூட்டத்துக்கு வர முடியாதவர்கள் தன்னிடம் வாக்களிக்கும் அதிகாரத்தை எழுதித் தரலாம் என்றார். வழமையான விசயங்கள்தான், தான் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். கூட்டத்தன்று மாலை எனக்கு வேலை. கூட்ட அறிவித்தல் என் கணவரின் மின்னஞ்சலுக்குத்தான் போயிருந்தது. அவர் அதைத் திறந்திருந்தால் அதுவே ஒரு அதிசயம். பேனாவை வாங்கிப் போட்டுக் கொடுத்தேன். வடை ஆறிவிடும் என்பதுதான் அப்போது என் கவலை.

எங்கள் குடியிருப்பு ஒஸ்லோவில், ஹவுகெட்டோ ரயில் நிலையத்திலிருந்து பத்து நிமிட நடையில் இருக்கிறது. மூன்று மாடிக் கட்டிடங்கள், நாற்பத்தெட்டு வீடுகள். வீடு வாங்கினோம் என்று ஊருக்குச் சொல்கிறோமே தவிர உண்மையில் நாங்கள் வாங்கியது ஒரு பங்கு. கட்டிடங்கள் வீட்டுச் சங்கத்துக்குச் சொந்தம். ஒரு பங்குக்கு ஒரு வீடு, ஒரு வாக்கு. சங்கம் கடன் எடுத்தால் அது பங்குதாரர் எல்லாருடைய தலையிலும் பிரிந்து விழும், மாதாமாதம் கட்டவேண்டும். கட்டாமல் விட்டால் சங்கமே அந்த வீட்டைக் கட்டாய விற்பனைக்குக் கொண்டுபோகலாம்.

கட்டாய விற்பனையைப் பற்றி எனக்கு யாரும் வகுப்பெடுக்கத் தேவையில்லை. நாங்கள் முதலில் திராமன் என்கிற பக்கத்து நகரத்தில் இருந்தோம். என் கணவர் தன் மச்சானின் கடைக்காக எங்கள் வீட்டை வைத்துப் பிணை நின்றார். எனக்குச் சொன்னது கையெழுத்துப் போட்ட பிறகு. கடை பூட்டப்பட்டது, மச்சான் வேறு நாட்டுக்குப் போய்விட்டான், கடனுக்கு வீட்டை விற்க ஆள் வந்தது. வீடு பார்க்க வந்தவர்கள் என் குசினி அலுமாரிகளைத் திறந்து பார்த்தார்கள். மிளகாய்த்தூள் போத்தலை ஒருத்தி மணந்து பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தாள். அந்த முகம் எனக்கு இன்னும் நினைவிருக்கிறது.

அன்று வாகனம் கொண்டுவந்து எங்கள் சாமான்களை ஏற்றியவர் இதே அண்ணைதான். நாலு மாதம் அவருடைய வீட்டு ஹோலில் நிலத்தில் மெத்தை போட்டுப் படுத்தோம். எப்போது போகிறீர்கள் என்று ஒருநாளும் அவர் கேட்டதில்லை. அவருடைய மனைவியும் கேட்கவில்லை. அதன்பிறகு ஒன்பது வருடம் வாடகை வீடுகள். இந்தப் பங்கை வாங்கிய நாளில் நான் வெறும் சுவரைத் தடவிப் பார்த்தேன் என்றால் சிரிப்பீர்கள். தடவினேன்தான்.

இப்போது விளங்கியிருக்கும், அண்ணை நீட்டிய கடுதாசியை நான் ஏன் வாசிக்கவில்லை என்று. வங்கிக்காரனை நம்பாதது என் புத்தி. அண்ணையை நம்பாமல் இருப்பது எனக்குத் துரோகம் மாதிரிப் பட்டிருக்கும்.

கூட்டம் முடிந்து ஒரு கிழமையில் கூட்ட அறிக்கை தபால்பெட்டியில் கிடந்தது. அதை மாடிப்படியில் நின்றபடியே வாசித்தேன். தெருவுக்கு அந்தப் பக்கம் உள்ள பெரிய வீட்டுச் சங்கத்தோடு எங்கள் சங்கம் இணைவதென்று தீர்மானம் நிறைவேறியிருந்தது. ஆதரவு முப்பத்தொன்று, எதிர்ப்பு பன்னிரண்டு. மூன்றில் இரண்டு பங்கு வேண்டும், தாராளமாக இருந்தது. அந்தப் பெரிய சங்கம் குழாய்கள், சுவர்கள், பல்கனிகள் எல்லாவற்றையும் புதிதாக்கிவிட்டுக் கழுத்துவரைக் கடனில் நின்றது. எங்களுடையது பழசுதான், ஆனால் கடன் மிகக் குறைவு. இணைந்தால் எங்கள் மாதக் கட்டணம் கிட்டத்தட்ட இரண்டு மடங்காகும் என்று பின்னிணைப்பில் ஒரு அட்டவணையில் அடக்கமாகப் போட்டிருந்தார்கள். நாங்கள் இருவரும் வேலை செய்தும் அவ்வளவு கட்ட எங்களால் முடியாது. ஆறு மாதம் இழுத்துப் பறித்துக் கட்டலாம். ஏழாவது மாதம் என் குசினி அலுமாரியை வேறொருத்தி திறப்பாள்.

இணைப்பு என்ற சொல்லில் எனக்கு ஏற்கெனவே நல்ல பழக்கம் உண்டு. நான் ரயில் பெட்டிகளைத் துப்புரவு செய்கிறவள். அதே தண்டவாளம், அதே இருக்கைகள், அதே சூயிங்கம். ஆனால் எங்கள் துப்புரவுக் கம்பனி மூன்று தடவை வேறு வேறு கம்பனிகளோடு இணைந்துவிட்டது. ஒவ்வொரு தடவையும் கேக் வெட்டி, எதுவும் மாறாது என்றார்கள். முதல் தடவை சாப்பாட்டு அரைமணிக்கான சம்பளம் போனது. இரண்டாம் தடவை என் பழைய சேவைக்காலம் காணாமல் போனது. மூன்றாம் தடவை நான் கேக்கைச் சாப்பிட்டுவிட்டு நேரே தொழிற்சங்கத்துக்குப் போனேன். கடிதத்துக்கு மேல் கடிதம் எழுதி, எடுத்ததில் பாதியைத் திரும்ப வாங்கினோம். இந்த நாட்டில் எழுத்தில் கேட்டால் எழுத்தில் பதில் தரவேண்டும் என்பதை அப்போதுதான் கண்டுகொண்டேன்.

அதனால் அழுதுகொண்டு இருக்கவில்லை. பங்கு வாங்கியபோது தந்த கோவையை எடுத்துச் சங்கத்தின் விதிகளை முதலாம் பக்கத்திலிருந்து வாசித்தேன். பொதுக்கூட்டம் பற்றிய பகுதியில் ஒரு வரி இருந்தது. ஒருவர் தன் வாக்கோடு இன்னும் ஒரேயொரு பங்குதாரருக்காக மட்டுமே வாக்களிக்கலாம். சட்டத்தைத் தேடிப் பார்த்தேன், அதிலும் அதேதான். எங்கள் ஆட்கள் எத்தனை பேர் அண்ணையிடம் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தோம் என்று விரல் மடித்துப் பார்த்தேன். என்னோடு பதினொன்று. ஒன்று செல்லும், பத்து செல்லாது. முப்பத்தொன்று இருபத்தொன்றாகிறது. முப்பத்துமூன்று வாக்கில் மூன்றில் இரண்டு இருபத்திரண்டு. ஒரு வாக்கால் தீர்மானம் விழுகிறது. எனக்கு உடம்பெல்லாம் சூடேறியது. சந்தோசம் என்றுதான் முதலில் நினைத்தேன். பிறகுதான் யாருடைய பெயரைச் சொல்லவேண்டி வரும் என்று உறைத்தது.

அடுத்தநாள் அண்ணை வீட்டுக்குப் போனேன். தேத்தண்ணி வந்தது. விதிப் புத்தகத்தை மேசையில் விரித்து வைத்தேன். அவர் கண்ணாடியைப் போட்டு வாசித்தார். சங்கத் தலைவியிடம் கேட்டதாகவும், எல்லாரும் விரும்பித் தந்ததுதானே, பரவாயில்லை என்று அவர் சொன்னதாகவும் சொன்னார். இணைந்தால் கட்டிடங்களுக்கு லிஃப்ட் வரும், பல்கனி வரும், வீடுகளின் விலை ஏறும், எங்கள் சனத்துக்கு நல்லதுதான் என்று நினைத்தே கையைத் தூக்கினாராம். நான் அதை நம்பினேன். இன்றைக்கும் நம்புகிறேன். நிர்வாகத்துக்கு ஒரு கடிதம் எழுதி உண்மையைச் சொல்லுங்கள் என்று கேட்டேன். அவருடைய முகம் மாறிவிட்டது.

“நான் என்ன என்ரை பொக்கெற்றுக்கோ போட்டனான், பிள்ளை?”

“இல்லை அண்ணை. ஆனால் என்ரை வீடு போகும்.”

“போகாது. அப்பிடி ஒண்டு வந்தால் நான் இருக்கிறன்தானே. இஞ்சை வந்து இருங்கோ.”

அவர் அதை மனதாரச் சொன்னார். அதுதான் எனக்குத் தாங்க முடியாமல் போனது. நாங்கள் இருந்து பேசிக்கொண்டிருந்தது அதே ஹோலில்தான்.

“எனக்கு இன்னொருக்கா இந்த ஹோலிலை படுக்கேலாது, அண்ணை,” என்றேன்.

நான் தேத்தண்ணியைக் குடித்து முடித்துவிட்டு எழும்பினேன்.

நிர்வாகத்துக்கு நானே எழுதினேன். தலைவி இரண்டு வரியில் பதில் போட்டார்: கூட்டம் முறைப்படி நடந்தது, வாக்கு முறைப்படி எண்ணப்பட்டது. இனி வழக்குத்தான். வழக்கென்றால் முதலில் இணக்கசபை. மூன்று சாதாரண மனிதர்கள் இரு பக்கத்தையும் இருத்திக் கேட்கிற இடம். படிவத்தில் எதிராளியின் பெயருக்கு எங்கள் சங்கத்தின் பெயரை எழுதினேன். அதில் நாற்பத்தெட்டில் ஒரு பங்கு நான். என்னை எதிர்த்து நானே வழக்குப் போடுகிற மகிமையும் எனக்குக் கிடைத்தது.

படிவத்தை அனுப்ப முதல் கணவரிடம் காட்டினேன். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். திராமனைப் பற்றி நாங்கள் இருவரும் பேசுவதே இல்லை. “அண்டைக்கு நான் உமக்குச் சொல்லாமல் போட்டனான்,” என்றார். “நீர் எனக்குச் சொல்லிப்போட்டுப் போடுறீர். போடும்.” பிறகு சப்பாத்தைப் போட்டுக்கொண்டு வேலைக்குப் போய்விட்டார். எனக்கு அது போதுமாக இருந்தது.

செய்தி பரவ இரண்டு நாள் எடுத்தது. மேல்மாடியில் ஒரு அக்கா இருந்தார். முழங்கால் தேய்ந்து ஒவ்வொரு படியிலும் நின்று நின்று ஏறுகிறவர். அவர் என்னை வழியில் மறித்து, வெள்ளைக்காரனுக்கு முன்னால் எங்கள் மானத்தை வாங்காதே என்றார். அண்ணை சோறு போட்ட மனிதர் என்பதை எனக்கு நினைவூட்டினார். அந்தச் சோற்றை மறக்காதபடியால்தான் இவ்வளவு கஷ்டப்படுகிறேன் என்று சொல்ல வாயெடுத்து விட்டுவிட்டேன். அதற்குப் பிறகு ரயில் நிலையத்தில் எங்கள் ஆட்கள் என்னைக் கண்டால் தொலைபேசியை எடுத்துக் காதில் வைத்தார்கள். ஒரு கலியாணத்துக்கு எங்களுக்கு மட்டும் சொல்லவில்லை. கோபம் வந்தது, அழுகையும் வந்தது. இரண்டையும் சேர்த்துப் போட்டு ரயில் ஜன்னல்களைத் தேய்த்தேன். அந்த மாதம் மேற்பார்வையாளர் என் பெட்டிகளைப் புகழ்ந்தார்.

இணக்கசபை ஒஸ்லோ நகரத்துக்குள் ஒரு அலுவலகக் கட்டிடத்தில் இருந்தது. கறுப்பு அங்கி இல்லை, சுத்தியல் இல்லை. நீளமான மேசை, தண்ணீர்க் கூசா, கடதாசிக் குவளைகள். நடுவில் நரைத்த தலையோடு ஒரு பெண். எனக்கு எதிரே எங்கள் சங்கத் தலைவி. அவருக்குப் பக்கத்தில், நிர்வாக உறுப்பினராக, அண்ணை. கோயில் திருவிழாவுக்குப் போடுகிற அந்தச் சாம்பல் கோட்டைத்தான் போட்டிருந்தார். என் கண்ணைப் பார்க்கவில்லை.

நான் என் பக்கத்தை நோர்வேஜிய மொழியில் சொன்னேன். என் இலக்கணம் நொண்டும், ஆனால் ஓடும். தலைவி அழகாகப் பேசினார். அந்தக் கையெழுத்துப் பத்திரங்களைத் தாங்கள் வைத்திருக்கவில்லை என்றார். அறிக்கையில் மொத்த எண்ணிக்கை மட்டுமே உண்டு, யாருக்காக யார் வாக்களித்தார்கள் என்பதற்கு ஆதாரம் இல்லை. நரைத்த பெண் என்னைப் பார்த்து, நானும் அப்படி எழுதிக் கொடுத்தவளா என்று கேட்டார். ஆமென்றேன். வாசிக்காமலா என்று கேட்டார். வாசிக்காமல்தான் என்றேன். அப்படியென்றால் தவறில் எனக்கும் பங்குண்டே என்றார். உண்டு, அதனால்தான் வந்திருக்கிறேன் என்றேன். சொல்லும்போது காது சுட்டது.

பிறகு அவர் அண்ணையின் பக்கம் திரும்பி, அன்று உங்கள் கையில் எத்தனை பத்திரங்கள் இருந்தன என்று கேட்டார். தலைவி இடையில் புகுந்து, அது இப்போது யாருக்கும் நினைவிருக்காது என்றார். நரைத்த பெண் கையைக் காட்டி அவரை நிறுத்தினார். அவர் ஒன்றுதான் என்று சொன்னால் என் வீடு போய்விடும். மறுக்க என்னிடம் ஒரு துண்டுக் கடுதாசியும் இல்லை. மற்றப் பத்துப் பேரில் ஒருவரும் எனக்காகச் சாட்சி சொல்ல வரமாட்டார்கள் என்பதும் எனக்குத் தெரியும்.

அண்ணை கடதாசிக் குவளையை மேசையில் ஒரு தடவை சுற்றினார். “பதினொன்று,” என்று நோர்வேஜிய மொழியில் சொன்னார். பிறகு என்னைப் பார்த்து, அந்த அறையில் எனக்கு மட்டும் விளங்கும்படி, “அதுக்குள்ளை உன்ரையும் ஒண்டு. என்னை நம்பித்தானே தந்தனி,” என்றார்.

தலைவி தன் கோவையை மூடினார். அரைமணிக்குள் ஒரு உடன்பாடு எழுதப்பட்டது: பழைய தீர்மானம் செல்லாது, விதிப்படி மீண்டும் கூட்டம் கூட்டப்படும். திரும்பும் ரயிலில் அண்ணை எனக்கு மூன்று இருக்கை முன்னால் இருந்தார். நான் எழும்பிப் போய்ப் பக்கத்தில் இருக்கலாமா என்று ஹவுகெட்டோ வரைக்கும் யோசித்தேன். போகவில்லை. அவர் இறங்கி முன்னால் நடந்தார்.

வீடு இன்னும் தப்பவில்லை. மறுபடி வாக்கெடுத்து அவர்கள் வென்றால் எல்லாம் பழைய இடத்துக்கு வந்துவிடும். நான் அந்த அட்டவணையைத் தமிழிலும் நோர்வேஜிய மொழியிலும் பெரிதாக எழுதிக்கொண்டு நாற்பத்தேழு கதவுகளைத் தட்டினேன். தமிழ்க் கதவுகள் சில திறக்கவில்லை. உள்ளே தொலைக்காட்சிச் சத்தம் மட்டும் குறைந்தது. திறந்தவர்களிடம் ஒரே விசயம்தான் கேட்டேன். எதற்கென்றாலும் வாக்களியுங்கள், ஆனால் நேரில் வாருங்கள்.

கூட்டத்துக்கு முதல்நாள் பின்னேரம் மேல்மாடி அக்கா எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். கையில் அதிகாரப் பத்திரம். பெயர் எழுதும் இடம் வெறுமையாக இருந்தது; கீழே கையெழுத்துப் போட்டாகிவிட்டது. “அண்ணை இனி ஒருத்தற்ரையும் வாங்கமாட்டன் எண்டிட்டார்,” என்றார். “எனக்குப் படி இறங்க ஏலாது. நீர் படிச்ச மாதிரிக் கதைக்கிறீர். உமக்குச் சரியெண்டு படுறதுக்குப் போடும்.”

சட்டப்படி அந்த ஒன்றை நான் வாங்கலாம். ஒரு வாக்கு. அதன் பெறுமதி என்னவென்று என்னைவிட யாருக்குத் தெரியும்? கை நீட்டினால் போதும். அந்தக் கடுதாசியைப் பார்த்தபோது எனக்குச் சாமத்தியவீட்டு மண்டபம்தான் தெரிந்தது. இந்தத் தடவை அண்ணையின் இடத்தில் நான் நின்றேன். அக்காவைக் கதிரையில் இருத்தி அட்டவணையை வரி வரியாக விளங்கப்படுத்தினேன். இணைந்தால் லிஃப்ட் வருமா என்று கேட்டார். வரும் என்கிறார்கள் என்றேன். பொய் சொல்ல நா வரவில்லை. நாளைக்கு நானும் இவரும் வந்து பிடித்துக் கூட்டிக்கொண்டு போகிறோம் என்று சொல்லிப் பத்திரத்தைக் கிழித்தேன்.

மறுநாள் பள்ளிக்கூட மண்டபத்தில் நாற்பத்தைந்து வாக்குகள். நிறைவேற முப்பது வேண்டும். ஆதரவானவர்கள் கை தூக்கும்படி சொன்னார்கள். முன்வரிசையில் அண்ணை தன் கையைத் தூக்கினார். எனக்குப் பக்கத்தில், என் தோளைப் பிடித்து நடந்துவந்த அக்காவும் தூக்கினார். ஏன் கிழித்தாய், மடைச்சி, என்று என்னையே திட்டினேன். எண்ணுகிறவர்கள் இரண்டு தடவை எண்ணினார்கள்.

இருபத்தெட்டு. தீர்மானம் விழுந்தது.

என் கணவர் கதிரையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நிலத்தைப் பார்த்தபடி இருந்தார். அவர் அழுகிறார் என்று எனக்குத் தெரியும். அதனால் அந்தப் பக்கம் திரும்பவில்லை. சனம் கலையத் தொடங்கியது. அண்ணை எங்களைக் கடந்து போகும்போது ஒரு கணம் நின்று, தலையை அசைத்துவிட்டுப் போனார்.

“கோவமோ?” என்று அக்கா கேட்டார்.

“ஓம், கோவம்தான்,” என்றேன். “ஆனால் உங்கடை கால் நோகிறது எனக்கும் தெரியும். எங்கடை கட்டிடத்துக்கு மட்டும் ஒரு லிஃப்ட் போட என்ன முடியும் எண்டு விசாரிப்பம். எல்லாராலையும் கட்டக்கூடிய மாதிரி வந்தால் அடுத்த கூட்டத்திலை நான் கை தூக்குவன்.”

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். “அப்ப அதை எழுதித் தாரும்.”

கைப்பையிலிருந்து ஒரு துண்டை எடுத்து, மண்டபத்துக் கதிரையிலேயே வைத்து எழுதி, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அக்கா கண்ணாடியைத் தேடியெடுத்துப் போட்டார். மண்டபத்தைப் பூட்டிவிடுவார்களோ என்று நான் பயப்படும் அளவுக்கு ஆறுதலாக, ஒவ்வொரு சொல்லாக வாசித்து முடித்த பிறகுதான் அதை மடித்தார்.